மயானத்துக்கு அருகில் வீடுகள்: வழக்குப் போட்டால் நிற்குமா?

மனைவாசி

வணக்கம். மாவட்டத் தலைநகரை ஒட்டிய ஊராட்சி ஒன்றில் எங்கள் லேஅவுட் இருக்கிறது. அப்ரூவல் பெற்ற மனைகள்தான். கடைசித் தெருவுக்குப் பின்னால் ஊர்ச் சுடுகாடு. சுற்றுச்சுவர் கிடையாது. ஒரு தகரக் கொட்டகை, அதுவும் பாதி பெயர்ந்துபோனது. மழைக்காலத்தில் விறகு ஈரமாக இருப்பதால் டயர் போட்டு எரிக்கிறார்கள். காற்று எங்கள் பக்கம் திரும்பினால் ஜன்னலைத் திறக்க முடியாது. மூச்சிரைப்பு உள்ள பிள்ளைகளும் பெரியவர்களும் மிகவும் கஷ்டப்படுகிறார்கள்.

குடியிருப்போர் சங்கத்தில் இப்போது இதே பேச்சு. "90 மீட்டருக்குள் சுடுகாடு இருக்கக் கூடாது என்று விதி இருக்கிறது, நமக்கு 60 மீட்டர்கூட இல்லை, உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட்டால் மூடிவிடுவார்கள்" என்கிறார்கள். வீட்டுக்கு இவ்வளவு என்று வசூலும் தொடங்கிவிட்டது. இப்படிப்பட்ட வழக்குகளைப் பக்கத்தில் இருந்து பார்த்தவர்கள் சொல்லுங்கள், இது நிற்குமா?

கறுப்பங்கி

வழக்கறிஞராகச் சொல்கிறேன். உங்கள் ஊர் ஆவணங்களைப் பார்க்காமல் முடிவு சொல்ல முடியாது. ஆனால் அந்த 90 மீட்டர் விதியைப் பலரும் பாதி மட்டும் படித்துவிட்டு நீதிமன்றத்துக்கு வருகிறார்கள், அதை முதலில் பேசிவிடலாம்.

அது தமிழ்நாடு ஊராட்சிகளில் இடுகாடு, சுடுகாடு அமைப்பது குறித்த 1999-ஆம் ஆண்டு விதிகளில் வருகிறது. குடியிருப்பிலிருந்தோ குடிநீர் ஆதாரத்திலிருந்தோ 90 மீட்டருக்குள் உடலைப் புதைக்கவோ எரிக்கவோ கூடாது என்று விதி சொல்கிறது. உங்கள் சங்கத்தார் அதோடு நிறுத்திவிட்டார்கள். அதே விதியில் "உரிமம் பெற்ற இடம் நீங்கலாக" என்ற பொருளில் ஒரு தொடர் இருக்கிறது. அதாவது முறைப்படி ஏற்கப்பட்ட மயானமாக இருந்தால், பக்கத்தில் வீடு வந்துவிட்டது என்ற ஒரே காரணத்துக்காக இந்த விதியைக் காட்டி மூட வைக்க முடியாது. அந்த 90 மீட்டர் தடை, கண்ட இடத்தில் புதைப்பதையும் எரிப்பதையும் தடுப்பதற்கானது.

ஆகவே முதல் கேள்வி, அந்தச் சுடுகாடு ஊராட்சிப் பதிவேட்டில் இருக்கிறதா என்பது. இரண்டாவது, வருவாய்க் கணக்கில் அந்த நிலம் என்ன வகைப்பாட்டில் இருக்கிறது, எப்போதிலிருந்து. மூன்றாவது கேள்விதான் எனக்கு மிக முக்கியம்: நீதிமன்றத்திடம் நீங்கள் எதைக் கேட்கப் போகிறீர்கள்? "மூடு" என்று கேட்கும் மனுவுக்கும் "சுவர் கட்டு, தகன மேடை அமை, டயர் எரிப்பதை நிறுத்து" என்று கேட்கும் மனுவுக்கும் மலைக்கும் மடுவுக்கும் உள்ள வித்தியாசம். முதல் வகை பெரும்பாலும் தோற்கும். இரண்டாவது வகையில் ஊராட்சி எதிர்த்துப் பேசுவதற்கே பெரிதாக ஒன்றும் இருக்காது. ஏனென்றால் இடுகாடு, சுடுகாடு அமைத்துப் பராமரிப்பது 1994-ஆம் ஆண்டு ஊராட்சிகள் சட்டத்தின் 110-ஆவது பிரிவில் ஊராட்சியின் கட்டாயக் கடமைகளில் ஒன்றாகவே சொல்லப்பட்டிருக்கிறது.

தென்றல்_78

வழக்கறிஞர் சார் சொல்வது சட்டப்படி சரியாக இருக்கலாம். ஆனால் உயிரோடு இருப்பவர்களுக்கு மூச்சு விடும் உரிமை இல்லையா? உயிர் வாழும் உரிமையைச் சொல்லும் அரசமைப்பின் 21-ஆவது பிரிவில் தூய காற்றும் அடங்கும் என்று உச்ச நீதிமன்றமே பலமுறை சொல்லியிருக்கிறது. டயர்ப் புகை என்றால் சாதாரணமா? கடன் வாங்கி, ஆயுள் முழுக்க இஎம்ஐ கட்டி ஒரு வீடு வாங்குகிறோம். வாடகைக்குக்கூட ஆள் வர மறுக்கிறார்கள். மாற்று இடம் கொடுத்து மாற்றிவிட்டால் யாருக்கும் நஷ்டம் இல்லையே. இத்தனை புறம்போக்கு கிடக்கிறது.

முன்னாள்_விஏஓ

பணியில் இருந்த காலத்தில் இந்தப் பஞ்சாயத்துகளை நிறையப் பார்த்தவன் என்ற முறையில் சிலவற்றைச் சொல்கிறேன்.

வழக்குக்குப் பணம் வசூலிக்கும் முன் காகிதத்தைப் பாருங்கள். புல எண்ணைத் தெரிந்துகொண்டு, வருவாய்த்துறை இணையதளத்தில், அந்த எண்ணில் உள்ள நிலத்தின் வகையையும் பரப்பையும் சொல்லும் அ-பதிவேட்டு விவரத்தை எடுங்கள். "மயானம்" அல்லது "சுடுகாடு" என்று புறம்போக்கு வகைப்பாடு இருந்தால் அதை அசைப்பது கடினம். பல இடங்களில் அந்தப் பதிவு, வெள்ளைக்காரன் காலத்து நில அளவையிலிருந்தே அப்படியே வந்துகொண்டிருக்கும். அடுத்து புலப்பட நகல். எஃப்எம்பி என்பார்கள். அதில் எல்லையும் அளவும் இருக்கும். தரையில் எரிக்கிற இடமும் வரைபடத்தில் உள்ள மயானமும் ஒன்றுதானா என்று பாருங்கள். நான் பார்த்ததில் பெரும்பாலான தகராறுகளின் முடிச்சு இங்கேதான். மயானத்தின் ஒரு பக்கத்தை யாராவது ஆக்கிரமித்துத் தென்னை வைத்திருப்பார்கள். இடம் சுருங்கிப்போய், எரிப்பவர்கள் மறுபக்கம் தள்ளி வந்திருப்பார்கள். மறுபக்கத்தில் மனை வந்திருக்கும். ஆக்கிரமித்தவர் எந்தச் சண்டையிலும் இருக்க மாட்டார். மனைக்காரர்களும் ஊர்க்காரர்களும் மோதிக்கொண்டிருப்பார்கள்.

இன்னொரு வகையும் உண்டு. பதிவேட்டில் மயானமே இருக்காது, ஓடைப் புறம்போக்கிலோ வாய்க்கால் கரையிலோ தலைமுறை தலைமுறையாக எரித்து வருவார்கள். அங்கே ஊர்க்காரர்களுக்குத்தான் ஆபத்து. நீர்நிலைப் புறம்போக்கு விஷயத்தில் உயர் நீதிமன்றம் மிகக் கண்டிப்பாக இருக்கிறது. வழக்கு வந்தால் பல காலப் பழக்கம் என்ற வாதம் மட்டும் காப்பாற்றாது. அப்படிப்பட்ட ஊர்க்காரர்கள் இதைப் படித்தால், சண்டை வருவதற்கு முன்பே கிராம சபையில் தீர்மானம் போட்டு, முறையான இடம் ஒதுக்கச் சொல்லி கலெக்டரிடம் மனு கொடுத்துவிடுங்கள்.

தென்றல் அவர்களுக்கு: "புறம்போக்கு கிடக்கிறது" என்பது வெளியிலிருந்து பார்க்கும்போது தோன்றுவது. மேய்க்கால், நீர்நிலை, பாதை, களம் எல்லாம் கழித்தால் ஒரு ஊராட்சியில் மயானத்துக்கு ஒதுக்கக்கூடிய தரிசு மிகக் குறைவு. அப்படி ஒன்று கிடைத்தாலும் அதன் பக்கத்திலும் யாராவது குடியிருப்பார்கள். அவர்களும் மனுவோடுதான் வருவார்கள்.

காலனி_குமரன்

இழையை ஆரம்பத்திலிருந்து படித்துக்கொண்டு வருகிறேன். "மாற்று இடம் கொடுத்தால் யாருக்கும் நஷ்டம் இல்லை" என்ற வரிக்குப் பதில் சொல்லாமல் போக மனம் வரவில்லை.

எங்கள் ஊரில் இரண்டு சுடுகாடுகள். ஒன்று ஊருக்கு, ஒன்று எங்களுக்கு. தமிழ்நாட்டில் எண்ணற்ற ஊர்களில் இதுதான் நிலைமை. எங்களுக்கு ஒதுக்கியது ஒதுக்குப்புறமான, யாருக்கும் வேண்டாத பள்ளமான நிலம். அங்கேதான் எங்கள் தாத்தா, பாட்டி, அப்பா எல்லாரும் இருக்கிறார்கள். நகரம் வளர்ந்துவந்தபோது சுற்றியிருந்த வயல்கள் மனையாயின. மனை விற்றவர் விளம்பரப் பலகையில் பள்ளி எத்தனை நிமிடம், பேருந்து நிலையம் எத்தனை நிமிடம் என்று போட்டார். எங்கள் சுடுகாட்டைப் போடவில்லை. வீடு கட்டிக் குடி வந்தபின் முதல் மனு எங்கள் மேல்.

சுடுகாட்டைவிட முதலில் போவது பாதை. அது யாருடைய பட்டா நிலத்தின் வழியாகவோ போகும். வேலி போட்டுவிட்டால் முடிந்தது. 2019 ஆகஸ்டில் வாணியம்பாடி பக்கம் நாராயணபுரத்தில் நடந்தது எல்லாருக்கும் நினைவிருக்கும். நிலத்தின் வழியாகப் போக விடாததால், பாலாற்றுப் பாலத்தின் மேலிருந்து ஒரு தலித் உடலைக் கயிறு கட்டிக் கீழே இறக்கினார்கள். அந்தக் காட்சி செய்தியில் வந்தபின் சென்னை உயர் நீதிமன்றம் தானாகவே வழக்கை எடுத்தது. வீடியோ எடுக்கப்படாத ஊர்களில் என்ன நடக்கிறது என்று நினைத்துப் பாருங்கள்.

நல்ல காற்று எங்களுக்கும் வேண்டும். எரிமேடையைச் சுற்றி நின்று அந்தப் புகையை முதலில் குடிப்பது நாங்கள்தான். சுவர், தண்ணீர்க் குழாய், மின்விளக்கு, கொட்டகை கேட்டு நாங்கள் எத்தனையோ காலமாக மனு கொடுத்துவருகிறோம். அதற்கு எந்தச் சங்கமும் கூடவந்து கையெழுத்துப் போட்டதில்லை. மூடச் சொல்வதற்கு மட்டும் ஒன்றுகூடுகிறார்கள் என்பதுதான் எங்கள் வேதனை.

தென்றல்_78

குமரன், உங்கள் வலி புரிகிறது. நான் சாதியை மனதில் வைத்து அதை எழுதவில்லை. ஆனால் வீடு வாங்கியவர் எல்லாரும் பணக்காரர் என்றும் நினைக்காதீர்கள். விற்றவர் மறைத்ததற்கு வாங்கியவரும் பிள்ளைகளும் ஏன் தண்டனை அனுபவிக்க வேண்டும்?

காலனி_குமரன்

அனுபவிக்க வேண்டாம். அதற்கு விற்றவர்மேல் வழக்குப் போடுங்கள். நாங்கள் சாட்சி சொல்ல வருகிறோம்.

மனைவாசி

குமரன் அண்ணா எழுதியதை அப்படியே சங்கத்தின் வாட்ஸாப் குழுவில் போட்டேன். காரசாரமாகப் பேச்சு போய்க்கொண்டிருக்கிறது. வில்லங்கச் சான்று எல்லாம் பார்த்துத்தானே வாங்கினோம் என்கிறார்கள்.

முன்னாள்_விஏஓ

வில்லங்கச் சான்றில் உங்கள் மனையின்மேல் நடந்த பத்திரப் பதிவுகள்தான் வரும். பக்கத்துப் புல எண்ணில் என்ன இருக்கிறது என்று அது சொல்லாது. மனை வாங்கும் யாராக இருந்தாலும் நான்கு பக்கமும் ஒட்டியிருக்கும் புல எண்களுக்கு அ-பதிவேட்டைப் பார்த்துவிடுங்கள், செலவே இல்லாத வேலை. கூடவே லேஅவுட் அனுமதி ஆணையின் நிபந்தனைகளையும் படியுங்கள். மயானம் ஒட்டியிருக்கும்போது அந்தப் பக்கம் இடைவெளி விட வேண்டும் என்பது போன்ற நிபந்தனை இருந்து, மனை போட்டவர் அதையும் சேர்த்து விற்றிருந்தால், உங்கள் சண்டை அவரோடுதான்.

ரோஜா_மதுரை

கொஞ்சம் வேறு மாதிரியான கேள்வி, இங்கேயே கேட்கிறேன். எங்கள் வீட்டுக்கு அடுத்த தோட்டத்தில், அந்தக் குடும்பத்தார் அவர்கள் அப்பாவைச் சொந்தப் பட்டா நிலத்திலேயே அடக்கம் செய்துவிட்டார்கள். எங்கள் குடிநீர்க் கிணறு மிக அருகில். கேட்டால் "எங்கள் நிலம், எங்கள் இஷ்டம்" என்கிறார்கள். துக்கத்தில் இருப்பவர்களிடம் சண்டை போடவும் மனம் வரவில்லை. சட்டம் என்ன சொல்கிறது?

கறுப்பங்கி

அக்கா, இதில் சட்டம் இப்போது தெளிவாக இருக்கிறது. முன்பு சென்னை உயர் நீதிமன்றத்திலேயே இரண்டு விதமான தீர்ப்புகள் இருந்தன. ஊர் வழக்கம் இருந்தால் பதிவில்லாத இடத்திலும் புதைக்கலாம் என்ற பார்வை ஒன்று, கூடாது என்பது மற்றொன்று. பட்டா நிலத்தில் புதைத்த உடலைத் தோண்டி எடுக்க வேண்டும் என்ற ஒரு வழக்கில் இந்த முரண்பாடு கூடுதல் நீதிபதிகள் சேர்ந்து விசாரிக்கும் முழு அமர்வுக்குப் போய், 2023-ல் முடிவானது. ஊராட்சிப் பகுதியில் அதற்கென உரிமம் பெற்ற இடத்தில்தான் அடக்கம் செய்ய வேண்டும், சொந்த நிலம் என்பதால் மட்டும் அந்த உரிமை வராது என்று சொல்லி, அந்த உடலை எடுத்து மயானத்தில் அடக்கம் செய்யவும் உத்தரவிட்டார்கள். மனதுக்குக் கஷ்டமான உத்தரவுதான், ஆனால் சட்டம் அப்படி நிற்கிறது.

உங்கள் விஷயத்தில் நேராகத் தோண்டச் சொல்லிப் போவதற்குமுன், கிணற்று நீரைப் பரிசோதியுங்கள். ஊராட்சிக்கும் வட்டார வளர்ச்சி அலுவலருக்கும் எழுத்தில் மனு கொடுங்கள். அந்தக் குடும்பத்தின் பெரியவர் ஒருவரிடம் முழு அமர்வுத் தீர்ப்பைப் பற்றிச் சொல்லுங்கள். இனி அதே தோட்டத்தில் அடக்கம் செய்ய மாட்டோம் என்று எழுதிக் கொடுத்தாலே பாதிப் பிரச்சினை தீரும்.

உச்ச நீதிமன்றத்திலும் இதை ஒட்டிய ஒன்று 2025 ஜனவரியில் வந்தது. சத்தீஸ்கரின் பஸ்தர் பகுதியில் ஒரு கிறிஸ்தவப் போதகர் இறந்துவிட்டார். ஊர் மயானத்தில் புதைக்க எதிர்ப்பு. உடல் மூன்று வாரம்போல் பிணவறையில் கிடந்தது. நீதிபதி நாகரத்னா, குடும்பத்தின் சொந்த நிலத்தில் புதைக்க அனுமதிக்க வேண்டும் என்றார். நீதிபதி சதீஷ் சந்திர சர்மா, கிறிஸ்தவர்களுக்கென ஒதுக்கிய வேறு ஊர் இடுகாட்டில்தான் முடியும் என்றார். கருத்து வேறுபட்டால் வழக்கமாகப் பெரிய அமர்வுக்கு அனுப்புவார்கள். உடல் காத்திருக்கிறது என்பதற்காக அப்படி அனுப்பாமல், அந்த இடுகாட்டிலேயே போலீஸ் பாதுகாப்போடு அடக்கம் செய்ய உத்தரவிட்டார்கள். அது அந்த ஊரிலிருந்து 20 கிலோமீட்டருக்கும் அப்பால். ஒரு மகன் தன் அப்பாவைச் சொந்த ஊரில் புதைக்க உச்ச நீதிமன்றம்வரை போயும் முடியவில்லை. எனக்கு நீதிபதி நாகரத்னா சொன்னதுதான் நியாயமாகப் படுகிறது. ஊரார் சேர்ந்து இடம் மறுத்த பிறகு, "ஒதுக்கிய இடத்துக்குப் போ" என்பது மறுத்தவர்களுக்கே வெற்றியாகிவிடுகிறது.

நிலத்தடி

நீர்வளத்தில் வேலை பார்ப்பவன். ரோஜா அக்காவின் கிணறு பற்றி: பயப்படும் அளவு ஆபத்து எல்லா இடத்திலும் இருக்காது. ஆனால் அலட்சியமாகவும் விடக் கூடாது. உடல் மக்கும்போது வெளியேறும் நீரில் அம்மோனியமும் பாக்டீரியாவும் அதிகம். களிமண் கலந்த மண்ணாக இருந்து நீர்மட்டம் ஆழத்தில் இருந்தால், மண்ணே பெரும்பகுதியை வடிகட்டிவிடும். மணலாகவோ பாறை வெடிப்பாகவோ இருந்து, மழைக்காலத்தில் நீர்மட்டம் குழிவரை ஏறினால் நேராகக் கிணற்றுக்கு வரும். உலக சுகாதார நிறுவனத்தின் ஐரோப்பிய அலுவலகம் 1998-ல் வெளியிட்ட அறிக்கையில், குடிநீர்க் கிணற்றிலிருந்து 250 மீட்டர், குடிநீர் எடுக்காத மற்ற ஊற்று, ஓடைகளிலிருந்து 30 மீட்டர் தள்ளிப் புதைக்க வேண்டும் என்றும், குழியின் அடிக்கும் நீர்மட்டத்துக்கும் நடுவே ஒரு மீட்டராவது மண் இருக்க வேண்டும் என்றும் பரிந்துரை இருக்கிறது. நம் விதியின் 90 மீட்டரோடு ஒப்பிட்டால் அது மிகக் கண்டிப்பு.

ஆகவே கிணற்று நீரை மழைக்கு முன் ஒருமுறை, மழைக்குப் பின் ஒருமுறை சோதியுங்கள். நைட்ரேட், அம்மோனியா, கோலிஃபார்ம் பாக்டீரியா மூன்றையும் கேட்டு வாங்குங்கள். ஒரு எச்சரிக்கை: உங்கள் வீட்டு செப்டிக் டேங்கே கிணற்றுக்குப் பக்கத்தில் இருந்தால் இதே மூன்றும் கூடுதலாகத்தான் காட்டும். எதிர்த்தரப்பு வக்கீல் முதலில் அதைத்தான் கேட்பார்.

தகனமேடை_பொறியாளர்

புகைப் பிரச்சினைக்கு வருகிறேன், என் வேலையே அது. திறந்த வெளியில் விறகில் எரிக்க ஓர் உடலுக்கு ஏறக்குறைய 300 முதல் 500 கிலோ விறகு போகும். பல மணி நேரம் எரியும். சூடு சீராக இருக்காது, அதனால் பாதி எரிந்த புகை தாழ்வாகவே பரவும். எரிவாயு தகன மேடையில் உடல் எரியும் அறைக்கு மேல் இரண்டாவது எரிப்பு அறை ஒன்று உண்டு. முதல் அறையில் முழுதாக எரியாத வாயுவை அது மறுபடியும் எரிக்கும். அதற்குப் பிறகு நீர்த்தெளிப்பில் தூசியைப் பிடித்து, 30 மீட்டர் அளவுக்கு உயரமான புகைபோக்கியில் விடுவார்கள். ஒழுங்காக ஓடினால் 60 மீட்டர் தள்ளி இருப்பவருக்கு வாசனைகூடத் தெரியாது.

"ஒழுங்காக ஓடினால்" என்று நான் சொன்னதைக் கவனியுங்கள். திறப்பு விழாவோடு மறந்துவிடப்பட்ட தகன மேடைகள் உண்டு. எரிவாயு மிச்சம் பிடிக்க இரண்டாவது அறையின் பர்னரை அணைத்துவிடுவார்கள். நீர்த்தெளிப்பு மோட்டார் பழுதாகும், மாற்ற நிதி இருக்காது. அதனால் வெறுமனே "தகன மேடை அமை" என்று கேட்காதீர்கள். யார் பராமரிப்பது, ஆண்டுச் செலவு எந்தக் கணக்கில், புகையை யார் எப்போது சோதிப்பது என்பதையும் சேர்த்துக் கேளுங்கள். உடலோடு வரும் பிளாஸ்டிக் மாலை, மெத்தை, டயர் எதுவும் உள்ளே போகக் கூடாது என்ற பலகையும் அதைச் சொல்ல ஒரு பணியாளும் வேண்டும்.

செல்வி_எழுதுகிறேன்

அந்தப் பணியாளின் மகள் நான். அப்பா சுடுகாட்டில்தான் ஆயுள் முழுக்க வேலை செய்தார். டயர் போடுகிறார்கள் என்று எல்லாரும் எழுதுகிறீர்கள். ஏன் போடுகிறார்கள் என்று யாரும் எழுதவில்லை. ஏழைக் குடும்பம் கொண்டுவரும் விறகு பாதிதான் இருக்கும். மழையில் அதுவும் நனைந்திருக்கும். அரைகுறையாக எரிந்த உடலை அப்படியே விட்டுவிட்டு வர முடியுமா? வேறு வழி இல்லாமல்தான் டயர். காய்ந்த விறகு அடுக்க ஒரு மூடிய கொட்டகையும், ஒழுகாத கூரையும் இருந்தால் டயரே தேவைப்படாது. அப்பாவுக்குக் கையுறை கிடையாது, முகக்கவசம் கிடையாது, மாதச் சம்பளம்கூடக் கிடையாது. ஓர் உடலுக்கு இவ்வளவு என்று குடும்பத்தார் கொடுப்பதுதான். கடைசியில் இருமி இருமியே போனார். மனு எழுதும்போது அங்கே வேலை செய்பவருக்கும் ஒரு வரி சேர்த்துக்கொள்ளுங்கள்.

மனைவாசி

செல்வி அக்கா, கட்டாயம் சேர்க்கிறோம்.

பம்பாய்த்_தமிழன்

இங்கே 2020-ல் நடந்ததைச் சொன்னால் உங்களுக்கு உதவும். கொரோனா காலத்தில் பாந்த்ராவில் இருக்கும் கபர்ஸ்தான்களில், அதாவது இஸ்லாமியர் இடுகாடுகளில், தொற்றால் இறந்தவர்களைப் புதைக்கக் கூடாது என்று சுற்றியிருந்த குடியிருப்புவாசிகள் வழக்குப் போட்டார்கள். பக்கத்தில் வீடுகள் நெருக்கமாக இருப்பதால் தொற்று பரவும் என்பது வாதம். உச்ச நீதிமன்றம்வரை போய், மறுபடியும் பம்பாய் உயர் நீதிமன்றத்துக்கே வந்து, அந்த ஆண்டு மே மாதத்தில் தள்ளுபடியானது. இறந்த உடலிலிருந்து அப்படிப் பரவும் என்பதற்கு அறிவியல் ஆதாரம் இல்லை, கண்ணியமான அடக்கமும் 21-ஆவது பிரிவின் உரிமைதான் என்று சொன்னார்கள். அதாவது அச்சம் மட்டும் போதாது, பாதிப்பைக் காட்ட வேண்டும்.

கறுப்பங்கி

முக்கியமான தீர்ப்பு. அதே காலத்தில் சென்னையில் தொற்றால் இறந்த ஒரு மருத்துவரின் உடலோடு போனவர்களைக் கல்லால் அடித்த கொடுமையும் நடந்தது. அதற்குப் பிறகுதான், தொற்றால் இறந்தவரின் அடக்கத்தைத் தடுத்தால் மூன்றாண்டுவரை சிறை என்று தமிழக அரசு அவசரச் சட்டம் கொண்டுவந்தது. சாதாரணக் காலத்திலும், மயானத்துக்குள் புகுந்து இறுதிச் சடங்கில் இருப்பவர்களுக்குத் தொல்லை கொடுப்பது புதிய தண்டனைச் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதாவின் 301-ஆவது பிரிவில் குற்றம். பழைய இந்தியத் தண்டனைச் சட்டத்தில் அது 297. சங்கத்து இளைஞர்கள் யாரும் உணர்ச்சிவசப்பட்டு உடல் வரும் நேரத்தில் வழியை மறித்துவிடக் கூடாது, மனைவாசி. ஒருமுறை அப்படி நடந்தால் உங்கள் நியாயமான புகாரும் அதோடு போய்விடும்.

தென்றல்_78

சரி, மூடச் சொல்லி வேண்டாம். புகைக்கு எங்கே போவது? எல்லாவற்றுக்கும் உயர் நீதிமன்றம்தானா?

கறுப்பங்கி

இல்லை. உயர் நீதிமன்றத்துக்குக் கடைசியாகப் போங்கள். முதலில் தகவல் உரிமைச் சட்டத்தில் பத்து ரூபாய் கட்டி ஊராட்சியிடம் கேளுங்கள்: மயானம் பதிவேட்டில் உண்டா, கடந்த ஆண்டுகளில் அதன் பராமரிப்புக்கு எவ்வளவு செலவு செய்தீர்கள், பணியாளர் யார். 30 நாளில் பதில் வர வேண்டும். வருகிற பதிலே பாதி வழக்கு. பிறகு திங்கட்கிழமை குறைதீர் கூட்டத்தில் கலெக்டரிடம் மனு. டயர், பிளாஸ்டிக் எரிப்புக்கு மாசுக் கட்டுப்பாட்டு வாரியத்துக்குத் தனி மனு, தேதி தெரியும் படங்களோடு. பொதுத் தொல்லை என்ற அடிப்படையில் புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டமான பிஎன்எஸ்எஸ்ஸின் 152-ஆவது பிரிவில் (பழைய சிஆர்பிசியில் அது 133), நிர்வாக நடுவரான வருவாய்க் கோட்டாட்சியரிடம், அதாவது ஆர்டிஓவிடம், போகவும் வழி உண்டு. எல்லைத் தகராறு இருந்தால் நில அளவை செய்யச் சொல்லுங்கள்.

இதெல்லாம் செய்தும் அசையவில்லை என்றால் ரிட். அப்போது பெரும்பாலும், "மனுதாரரின் மனுவை இத்தனை வாரத்துக்குள் பரிசீலித்து முடிவெடுக்க" என்றுதான் உத்தரவு வரும். பலர் இதைத் தோல்வி என்று நினைத்துவிடுகிறார்கள். உங்கள் மனு குறிப்பாக இருந்தால், அந்த உத்தரவு அதிகாரியின் மேசையில் நல்ல வேலை செய்யும். "சுடுகாட்டால் தொல்லை, நடவடிக்கை எடுக்க" என்று பொதுவாக எழுதியிருந்தால் "பரிசீலித்தோம், நிராகரித்தோம்" என்று இரண்டு வரியில் முடித்துவிடுவார்கள்.

சிவில் வழக்கைத் தேர்ந்தெடுத்தால் அரசுக்கு சிவில் நடைமுறைச் சட்டத்தின் 80-ஆவது பிரிவு நோட்டீஸ் கொடுத்து இரண்டு மாதம் காத்திருக்க வேண்டும். அவசரமென்றால் நீதிமன்ற அனுமதியோடு விலக்குப் பெறலாம். அதில் ஒரு நன்மை, வழக்கறிஞர் ஆணையரை நியமிக்கச் சொல்லி, இடத்தை நேரில் அளந்து அறிக்கை வாங்கலாம். எல்லை பற்றிய சண்டைக்கு அது நல்லது, புகைக்கு அவ்வளவாக உதவாது.

மனைவாசி

சங்கக் கூட்டம் முடிந்தது. எல்லாரும் ஒத்துக்கொள்ளவில்லை. மூடியே ஆக வேண்டும் என்று சிலர் இன்னும் நிற்கிறார்கள். ஆனால் பெரும்பான்மை முடிவு, மூடச் சொல்லி மனுப் போடுவதில்லை என்பது. வசூலித்த பணத்தில் நில அளவைக்கும் நீர்ப் பரிசோதனைக்கும் செலவழிப்போம். அ-பதிவேட்டை எடுத்துப் பார்த்தோம், சுடுகாடு என்றே இருக்கிறது. பரப்பளவு நாங்கள் கண்ணால் பார்ப்பதைவிட அதிகம். விஏஓ ஐயா சொன்ன மாதிரி ஒரு பக்கம் யாரோ வேலி போட்டு உள்ளே தள்ளி வந்திருக்கிறார்கள் போலிருக்கிறது.

மனுவில் இவற்றைக் கேட்கலாம் என்று நினைக்கிறோம்: எல்லை அளந்து ஆக்கிரமிப்பை அகற்றுவது, மேற்குப் பக்கம் உயரமான சுவர், அந்தப் பக்கம் மரங்கள், காய்ந்த விறகு வைக்கக் கொட்டகை, ஒழுகாத கூரையோடு எரிமேடை, பணியாளருக்கு ஊதியமும் பாதுகாப்புக் கருவிகளும். எரிவாயு தகன மேடையை அடுத்த கட்டமாக, பக்கத்து ஊராட்சிகளோடு சேர்ந்து. இதில் ஊர்க்காரர்களின் கையெழுத்து இல்லாமல் நாங்கள் மட்டும் கொடுத்தால் சந்தேகப்படுவார்கள். எப்படி அணுகுவது, குமரன் அண்ணா?

காலனி_குமரன்

பாதையைச் சேருங்கள் தம்பி. நீங்கள் எழுதிய பட்டியலில் அது இல்லை. சுவர் கட்டும்போது வழக்கமான வழியை அடைத்துக் கட்டிவிட்டுப் பிறகு "சுற்றிப் போ" என்பதுதான் பல ஊர்களில் நடந்தது. மனுவிலேயே பாதையின் புல எண்ணும் அகலமும் இருக்கட்டும், அமரர் ஊர்தி நுழையும் அளவுக்கு.

அணுகுவது கடினமில்லை. மனுவை எழுதி முடித்துவிட்டுக் கையெழுத்துக்கு மட்டும் வராதீர்கள். எழுதுவதற்கு முன்னால் வாருங்கள். ஊர்ப் பெரியவர்களோடும், எரிமேடையில் வேலை செய்பவரோடும் சுடுகாட்டிலேயே நின்று பேசுங்கள். எந்தப் பக்கம் காற்றடிக்கிறது, எங்கே தண்ணீர் தேங்குகிறது, எந்த இடத்தில் பழைய கல்லறைகள் இருக்கின்றன என்று அவர்களுக்குத்தான் தெரியும். மரம் நடுகிறேன் என்று கல்லறைமேல் குழி தோண்டினால் அன்றைக்கே எல்லாம் கெட்டுவிடும்.

முன்னாள்_விஏஓ

குமரன் சொன்னதோடு ஒன்று. மே 1 கிராம சபையில் இதைத் தீர்மானமாக நிறைவேற்றுங்கள். இரு தரப்பும் வந்து கை தூக்கிய தீர்மானத்தின் நகல் இருந்தால், தாசில்தார் அளவைக்கு ஆள் அனுப்புவதைத் தள்ளிப்போடுவது கடினம். அளக்க வரும் நாளில் வேலி போட்டவருக்கும் முறைப்படி நோட்டீஸ் போயிருக்கிறதா என்று பார்த்துக்கொள்ளுங்கள். போகவில்லை என்றால் அவர் அதைக் காட்டியே தடை வாங்கிவிடுவார்.

கறுப்பங்கி

வரைவை இங்கே போடுங்கள், மனைவாசி. பெயர், புல எண் எல்லாம் அடித்துவிட்டுப் போடுங்கள், பார்த்துத் திருத்தித் தருகிறேன். ஆக்கிரமிப்பு பற்றிய பத்தியை மட்டும் தனி மனுவாகத் தாசில்தாருக்குக் கொடுங்கள். ஒன்றாகச் சேர்த்தால் அந்தத் தகராறு முடியும்வரை சுவர் வேலையும் நின்றுவிடும்.